ஏரிக்கொல்லையில் யாரும் ஏறுவதில்லை

விழுப்புரம் ஜங்ஷனில் இறங்கிய கையோடு வெளியே வந்து ஒரு ஓட்டலில் ஆறு இட்லி சாப்பிட்டேன். வடகறி தனி. ஆறு வருஷத்துக்கு ஒருமுறை ஊருக்கு வருகிறவன் வருஷத்துக்கு ஒரு இட்லி சாப்பிட்டால் என்ன தப்பு? பரிமாறியவர் என் கோட்டை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "சாருக்கு எந்த ஊருங்க?" என்றார். இந்த ஊர்தான் என்றேன். அவர் நம்பவில்லை. இரக்கப்பட்டு இன்னொரு கரண்டி சட்னி ஊற்றினார்.

நான் வட இங்கிலாந்தில் ஒரு மில் ஊரில் பஸ் டிரைவர். இருபத்திரண்டு வருஷ சர்வீஸ். அங்கே என் பெயர் ராஜவேலு அல்ல, ராஜ். இந்தத் தடவை பொங்கலுக்கு வருகிறேன் என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டாலும், உண்மையில் என்னை இழுத்து வந்தது தங்கை அஞ்சலையின் கடிதம். "எங்க ஊரு பஸ்ஸை நிறுத்தப் போறாங்க அண்ணா. நீ பஸ்காரன். நீ வந்து பேசினா ஓனர் கேப்பாரு" என்று எழுதியிருந்தாள். பஸ் டிரைவர் பேச்சை முதலாளிகள் கேட்பதாக இருந்தால் என் கதையே வேறாக இருந்திருக்கும். அது அவளுக்குத் தெரியாது.

ஏனென்றால் போன அக்டோபரில்தான் இங்கிலாந்தில் எங்கள் ஊர் பஸ்ஸுக்குச் சுதந்திரம் கொடுத்தார்கள். யார் வேண்டுமானாலும், எந்த ரோட்டில் வேண்டுமானாலும் பஸ் விடலாம். பர்மிட் எல்லாம் பழைய கதை. எங்கள் டெப்போவைத் துண்டு போட்டு விற்கப் போகிறார்கள் என்று பேச்சு. டெப்போவை வாங்குகிறவர் என்னைப் போல ஐம்பத்திரண்டு வயசுக்காரனை வைத்துக்கொள்வாரா, வீட்டுக்கு அனுப்புவாரா என்று தெரியாமல்தான் விமானம் ஏறினேன். என் பிழைப்பே அந்தரத்தில் தொங்கும்போது இவள் பஸ்ஸை நான் எங்கே காப்பாற்ற!

பஸ் ஸ்டாண்டில் அஞ்சலை காலிக் கூடையோடு நின்றிருந்தாள். காலையில் கத்திரிக்காயும் அவரைக்காயும் கொண்டுவந்து விற்று முடித்துவிட்டு எனக்காகக் காத்திருந்தாள். பார்த்ததும் அழுவாள் என்று நினைத்தேன். "இன்னாண்ணா, இம்மாந் தொப்பையப் போட்டுக்கினு வந்து நிக்கிற?" என்றாள். உட்கார்ந்தே செய்கிற வேலை என்றேன். "நானுந்தான் நாளெல்லாம் உக்காந்து விக்கிறேன்" என்றாள்.

பக்கத்து ஊரான காணை வரை போகிறது எங்கள் வண்டி. பக்கத்திலேயே இன்னொரு கம்பெனி வண்டி, இரண்டு நிமிஷம் பின்னால் கிளம்ப வேண்டியது. இரண்டு கண்டக்டர்களும் ஒரு மூட்டைக்காரரின் ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார்கள். "நான் வண்டியே ஏற வரலப்பா, எங்க மச்சானத் தேடிக்கினு வந்தேன்" என்று அவர் கத்தினார். யார் காதில் விழுந்தது? லண்டன் பத்திரிகைகள் போட்டி, போட்டி என்று பக்கம் பக்கமாக எழுதுகின்றன. விழுப்புரத்துக்கு அதை யாரும் வந்து சொல்லித்தர வேண்டியதில்லை.

வழியில் கரும்பு வண்டிகள். ஒரு மாட்டுவண்டி பாதி ரோட்டை அடைத்துக்கொண்டு ஆடி அசைந்து போனது. எங்கள் டிரைவர் ஹாரன் அடித்தார், திட்டினார், கடைசியில் ஜன்னல் வழியாகக் கையை நீட்டி ஒரு கரும்பை உருவிக்கொண்டார். கொஞ்சம் தள்ளி யாரோ கேப்பைக் கதிரை ரோட்டில் பரப்பி வைத்திருந்தார்கள். பஸ் ஏறினால் மணி உதிரும், ஆள் கூலி மிச்சம். இங்கிலாந்தில் ரோட்டில் ஒரு வைக்கோல் துரும்பு கிடந்தாலும் போலீஸ் வரும். இங்கே டிரைவர் கதிர் நோகாத மாதிரி வேகத்தைக் குறைத்து, நடுவாக ஏற்றிப் போனார். நல்ல டிரைவர். எனக்குப் பொறாமையாகக்கூட இருந்தது.

காணையில் விசில் ஊதி எல்லோரையும் இறக்கிவிட்டார்கள். அஞ்சலையின் ஊர் ஏரிக்கொல்லை இன்னும் மூன்று மைல் உள்ளே. "மத்தியான டிரிப்பு உள்ள போறதில்லண்ணா. போன வருசமே நிறுத்திட்டாரு. நட" என்றாள். என் பெட்டியின் கனம் எனக்குத்தான் தெரியும். அரை மைல் தாண்டியதும் அவள் என்னைப் பார்த்த பார்வையில் என் மானம் போய்விட்டது. "குடு இங்க" என்று பிடுங்கித் தலையில் வைத்துக்கொண்டாள். சீமையிலிருந்து வந்த அண்ணனாகிய நான் காலிக் கூடையைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனேன்.

நடந்துகொண்டே விஷயத்தைச் சொன்னாள். மிச்சமிருப்பது ஒரே ஒரு நடைதான். சாயங்காலம் வருகிற பஸ் ராத்திரி ஊரிலேயே தங்கும், விடியற்காலை ஆறு மணிக்குக் கிளம்பும். அதில்தான் பதினான்கு பெண்கள் காய் கொண்டு போகிறார்கள். அதில்தான் பதினோரு பெண் பிள்ளைகள் காணை ஹைஸ்கூலுக்குப் போகிறார்கள். இப்போது ஓனர் அந்த நடையையும் காணையோடு நிறுத்திக்கொள்ள ஆர்.டி.ஓ. ஆபீசில் மனுப் போடப் போகிறாராம்.

"காய நாங்க தலையில வெச்சுக்கினு நடந்துடுவோம். புள்ளைங்கள எவன் அனுப்புவான்? கரும்புக்காட்டு வழியில மூணு மைலு பொட்டப் புள்ளைங்க நடந்து போவுமா? வூட்டோட நிறுத்திடுவாங்க. அடுத்த வைகாசியில கல்யாணம் பண்ணிடுவாங்க" என்றாள். அவள் மகள் தேன்மொழி பத்தாவது படிக்கிறாள். நான் கூடையை இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டேன்.

சாயங்காலம் பஸ் வந்தது. அன்று டிரைவருக்கும் கண்டக்டர் முனுசாமிக்கும் சாப்பாடு எங்கள் வீட்டு முறை. ஆமாம், முறை! ஆறு வருஷத்துக்கு முன்னால் முதன்முதலாகப் பஸ் வந்தபோது ஊர் கூடித் தேங்காய் உடைத்து, இரண்டு பேருக்கும் மாலை போட்டு, ராத்திரி தங்குகிறவர்களுக்கு ஊர்தான் சோறு போட வேண்டும் என்று முடிவு செய்தார்களாம். அன்றிலிருந்து நாளுக்கு ஒரு வீடு. கேப்பைக் களியும் கருவாட்டுக் குழம்பும் போட்டாள் அஞ்சலை. முனுசாமி மாமியார் வீட்டுக்கு வந்த மாப்பிள்ளை மாதிரி கூச்சப்பட்டுச் சாப்பிட்டார். ஐம்பது வயசிருக்கும். எலும்பும் தோலுமான ஆள். "உங்க தங்கச்சி கைக்கு இருக்கற ருசி இந்த ரூட்டுலயே இல்லீங்க" என்றார். எங்கள் டெப்போவில் இருபத்திரண்டு வருஷத்தில் ஒரு பயணி எனக்குக் கொடுத்தது ஒரே ஒரு பெப்பர்மின்ட். எனக்கு நெஞ்சு நிறைந்துபோனது. இவ்வளவு பாசமாக இருக்கிற ஊரின் பஸ்ஸை எதற்காக நிறுத்துகிறான் அந்தப் பாவி என்று ஓனர்மேல் ஆத்திரம் வந்தது.

மறுநாள் காலை அதே பஸ்ஸில் திண்டிவனம் கிளம்பினேன். ஓனர் வீடு அங்கேதான், பஸ் கடைசியாகப் போய்ச் சேருகிற ஊரும் அதுதான். கூடைகள், பிள்ளைகள், ஒரு ஆட்டுக்குட்டி, எல்லாம் ஏறின. நான் சில்லறையை நீட்டினேன். முனுசாமி என் கையைப் பிடித்து மடக்கினார். "உக்காருங்கண்ணா, காணை வரட்டும்." காணை வந்தது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் திபுதிபுவென்று இறங்கி ஓடினார்கள். அப்புறம்தான் அவர் பையிலிருந்து டிக்கெட் கட்டை எடுத்துக் கூடைக்காரப் பெண்களுக்குக் கிழிக்க ஆரம்பித்தார். இந்த ஊர் வழக்கம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். பஸ்காரன் என்று பீற்றிக்கொள்கிறவன், அப்போதாவது மண்டையில் உறைத்திருக்க வேண்டாமா?

விழுப்புரம் தாண்டி நெடுஞ்சாலையில் வண்டி பறந்தது. எனக்கு டோரத்தி அம்மாள் ஞாபகம் வந்தது. தினமும் என் வண்டியில் முன் சீட்டில் உட்காருகிறவர், காலேஜில் பொருளாதாரம் நடத்தி ஓய்வு பெற்றவர். எங்கள் டெப்போ ஏன் விலைக்கு வந்தது என்று எனக்குப் புரியும்படி சொன்னவர் அவர் ஒருவர்தான். யூனியன்காரர்கள் திட்டினார்கள், மேனேஜர் சிரித்து மழுப்பினார், டோரத்தி அம்மாள் கதை சொன்னார்.

உலக யுத்தம் முடிந்த கொஞ்ச நாளில் சுவிட்சர்லாந்தில் ஒரு மலைமேல் இருக்கிற ஹோட்டலில் சில பேராசிரியர்கள் கூடினார்களாம். சர்க்கார் எல்லாவற்றிலும் கை வைத்தால் மனுஷனுடைய சுதந்திரம் போய்விடும், விலையை அதன் போக்கில் விடு, அதுவே வழிகாட்டும் என்பது அவர்கள் கட்சி. அப்போது அவர்களைச் சீந்துவாரில்லை. சர்க்கார் ஆஸ்பத்திரி, சர்க்கார் ரயில், சர்க்கார் சுரங்கம் என்று ஊரே வேறு பக்கம் போய்க்கொண்டிருந்தது. ஆனால் அவர்கள் சளைக்கவில்லை. சின்னச் சின்னப் புத்தகம் போட்டார்கள், மாணவர்களைத் தயார் செய்தார்கள், பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு விருந்து வைத்தார்கள். முப்பது வருஷம்! எண்ணெய் விலை ஏறி, விலைவாசி ஏறி, பழைய வைத்தியம் பலிக்காமல் போனபோது இவர்கள் மருந்து புட்டியில் தயாராக இருந்தது. தென் அமெரிக்காவில் ஒரு நாட்டில் பட்டாளத்துக்காரர்கள் அதைத் துப்பாக்கி முனையில் புகட்டினார்கள். எங்கள் நாட்டில் ஓட்டு வாங்கிப் புகட்டினார்கள். சுரங்கங்கள் மூடின, கடைசியில் பஸ்ஸுக்கு வந்தார்கள்.

"அவங்க சொன்னது எல்லாமே பொய்தானா?" என்று ஒருநாள் சிக்னலில் நிற்கும்போது கேட்டேன். "இல்லை ராஜ்" என்றார். "விலை என்பது தந்தி மாதிரி. எங்கே எது வேண்டும் என்று, எங்கோ உட்கார்ந்திருக்கிறவனுக்குத் தெரியப்படுத்தும். அது நிஜம். ஆனால் தந்தி அடிக்கக் காசில்லாதவன் குரல் அதில் வராது. அதைத்தான் எழுத மறந்துவிட்டார்கள்." பின்னாலிருந்தவன் ஹாரன் அடித்தான். பச்சை விழுந்திருந்தது.

திண்டிவனத்தில் எங்கே திரும்பினாலும் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை வாசனை. ஓனர் வீட்டை விசாரித்தபோது, "மண்டிக்கார நயினாரா? அதோ, மூட்டை அடுக்கிக்கீது பாருங்க" என்று காட்டினார்கள். செஞ்சிப் பக்கத்துச் சமணக் குடும்பம். தலைமுறை தலைமுறையாக விவசாயம், அப்புறம் மல்லாட்டை வியாபாரம், அதிலிருந்து மூன்று பஸ். அறுபது வயசிருக்கும். வெளியே போயிருந்தவர் நாலு மணிக்குத்தான் திரும்பினார் என்று கேட்டு, சண்டை போடுகிற மூஞ்சியோடு போனேன். நான் இங்கிலாந்தில் பஸ் ஓட்டுகிறவன் என்றதும் மனுஷர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார்.

"வாங்க வாங்க! பேப்பர்ல படிச்சேன். உங்க சீமையில பர்மிட்டையே தூக்கிட்டாங்களாமே? எவன் வேணா, எங்க வேணா வுடலாமாமே? இங்கயும் டெல்லியில லைசென்சக் கொறைக்கறோம், அதக் கொறைக்கறோம்னு புதுசா பேசிக்கினு இருக்காங்க. நம்ம காலத்துக்குள்ள வந்துடுமாங்க?"

கல்யாணத் தேதி கேட்கிற மாப்பிள்ளை மாதிரி ஆசையாகக் கேட்டார். அவர் பட்ட பாட்டைக் கேட்டபோது எனக்கே பாவமாக இருந்தது. மூன்றாவது பஸ்ஸுக்குப் பர்மிட் வாங்க ஒன்பது வருஷம் நடையாய் நடந்தாராம். "ஒரு டைமிங்க அஞ்சு நிமிசம் மாத்தணும்னா ஆறு ஆபீசு, அறுபது கையெழுத்து. ஒரே பேஜாரு. செருப்பு தேஞ்சதுக்குக் கணக்கே இல்லீங்க." அவரைத் திட்டத் தயாராக வைத்திருந்த வார்த்தையையெல்லாம் அந்த ஆபீசுகள் பக்கம் திருப்பிவிட்டேன்.

ஐந்து மணிக்கே இலை போட்டுவிட்டார்கள். "சாப்ட்டுட்டுதான் மத்த பேச்சு. பொழுது சாஞ்சா எங்க வூட்ல யாரும் வாயில வெக்க மாட்டோம்" என்றார். வெங்காயம் இல்லை, பூண்டு இல்லை, கிழங்கு இல்லை. துணியில் வடிகட்டிய தண்ணீர். அவரைக்காய்ப் பொரியலும், பருப்பும் நெய்யும், மிளகு ரசமும் அப்படி ஒரு ருசி. வெங்காயம் இல்லாத சாம்பாரை ஜென்மத்தில் முதல் தடவையாக இரண்டாம் முறை கேட்டு வாங்கினேன்.

சாப்பிட்டபடியே எங்கள் ஊர்க் கதையைச் சொன்னேன். ஒன்றையும் மறைக்கவில்லை. மெயின் ரோட்டில் ஒரே நேரத்தில் ஐந்து கம்பெனி பஸ் ஒன்றையொன்று துரத்துகின்றன. மேட்டுப் பக்கத்தில் கிழவர்கள் குடியிருக்கிற தெருவுக்கு ஆறு மணிக்கு மேல் ஒன்றுமில்லை. ஆனால் ரொட்டி வேன் மாதிரி குட்டிக் குட்டி பஸ் விட்டிருக்கிறார்கள், அது நாங்கள் இருபது வருஷமாக நுழையாத சந்துக்கெல்லாம் போகிறது, அதுவும் உண்மை. நயினார் நான் சொன்னதில் முதல் பாதிக்கு உச்சுக் கொட்டி, இரண்டாம் பாதிக்குத் தலையாட்டினார்.

"சரி, ஏரிக்கொல்லை" என்று நானே ஆரம்பித்தேன்.

அவர் உள்ளே போய் ஒரு கட்டுக் காகிதம் கொண்டுவந்தார். கண்டக்டர் தினமும் எழுதிக்கொடுக்கிற டிரிப் ஷீட். எந்த ஸ்டாப்பில் எத்தனை பேர் ஏறினார்கள் என்று அதில் இருக்கும். "நீங்க பஸ்காரரு. நீங்களே பாத்துச் சொல்லுங்க. நான் அநியாயக்காரனா?"

பார்த்தேன். ஏரிக்கொல்லை, கோடு. ஏரிக்கொல்லை, கோடு. நாள் தவறாமல் கோடு. காணையில் பதினான்கு, காணையில் பதினைந்து.

"ஏரிக்கொல்லையில யாருமே ஏர்றதில்லீங்க. எல்லாம் காணையிலதான் ஏறுது. சும்மா போயிட்டு சும்மா வர்றதுக்கு ஆறு மைலு டீசலு. ஜனம் ஏறினா நான் ஏங்க நிறுத்தப் போறேன்? நெனச்சுப் பாருங்க."

எனக்கு அப்போதுதான் மண்டையில் உறைத்தது. ஊர் சோறு போடுகிறது. சோறு போட்டவர்களிடம் காசு வாங்கக் கூச்சப்பட்டு முனுசாமி காணை வரை டிக்கெட் கிழிப்பதில்லை. டிக்கெட் கிழிக்காததால் இங்கே திண்டிவனத்தில் உட்கார்ந்திருக்கிற மனுஷருக்கு ஏரிக்கொல்லையில் ஜனம் இருப்பதே தெரியவில்லை. டோரத்தி அம்மாள் சொன்ன தந்தி! காசில்லாமல் அல்ல, பாசத்தினால் இவர்கள் தந்தி அடிக்கவில்லை. ஆறு வருஷமாகப் போட்ட சோறே பஸ்ஸுக்கு எமனாகி வந்து நிற்கிறது.

சொன்னால் முனுசாமி வேலை போகும். சொல்லாவிட்டால் பஸ் போகும். "ரெண்டு நாள் டைம் குடுங்க நயினாரே" என்றேன். "திங்கக்கெழம மனுவுல கையெழுத்துப் போடறேன். அதுக்குள்ள சொல்லிடுங்க" என்றார்.

அன்று திண்டிவனத்தில் ஒரு லாட்ஜில் தங்கினேன். மூட்டைப்பூச்சி ஒரு பக்கம், மனசாட்சி ஒரு பக்கம் கடித்தது. மறுநாள் மத்தியானம் காணையிலிருந்து வேகாத வெயிலில் மூன்று மைல் நடந்து ஊர் போய்ச் சேர்ந்த வேகத்தில் அஞ்சலையிடம் வெடித்தேன். "உங்க பஸ்ஸைக் கொல்றது அந்த ஆள் இல்ல! நீங்கதான்!"

அவளுக்கு முதலில் விளங்கவே இல்லை. "சோறு துன்னவங்க எப்டிண்ணா காசு கேப்பாங்க? நாங்களும் எப்டிக் குடுக்கறது? மரியாதையா இருக்குமா?" என்றாள். டிரிப் ஷீட்டை ஒரு குச்சியால் மண்ணில் எழுதிக் காட்டினேன். ஏரிக்கொல்லை, கோடு. காணை, பதினான்கு. அவள் அந்தக் கோட்டையே வெகுநேரம் பார்த்தாள். "அட கடவுளே, நாம இல்லவே இல்லையா அதுல?" என்றாள். அப்புறம் காலால் அதை அழித்துவிட்டு வீடு வீடாகப் போனாள்.

சாயங்காலம் பஸ் வந்தபோது பதினான்கு பெண்களும் நின்றிருந்தார்கள். அன்று முறை வீட்டுக்குச் சாப்பிடக் கிளம்பிய முனுசாமியை நகர விடவில்லை. விஷயத்தைக் கேட்டதும் அவர் முகம் வெளுத்துவிட்டது. பஸ் படியிலேயே உட்கார்ந்துகொண்டார்.

"நான் ஒரு பைசா எடுத்ததில்ல தாயி. உப்பிட்டவரை உள்ளளவும் நினைன்னு வளந்தவன். உங்க சோத்தத் துன்னுட்டு உங்க கிட்டயே பையத் தொறந்துக்கினு நிக்க மனசு வரல. மூணு மைலு தானேன்னு நெனச்சேன்." சொல்லும்போதே அழுதுவிட்டார்.

"அழுவாதீங்க. நாங்களுந்தான் நெனச்சோம்" என்றாள் அஞ்சலை. "சோறு வேற, சீட்டு வேற. சோறு எப்பவும் போல வரும். நாளையிலேர்ந்து எங்க வூட்டு வாசல்லயே சீட்டக் கிழிங்க. நாளைக்கே நாங்க நயினார்கிட்ட வந்து நேரா சொல்லிடறோம்."

"என் வேலை போயிடும் தாயி."

"உங்கள வுட்டுட்டு நாங்க மட்டும் பஸ்ஸுல போயிடுவோமா?"

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணி. எத்தனையோ ஆயிரம் காலை நான் பஸ் கிளப்பியிருக்கிறேன், இப்படி ஒன்று பார்த்ததில்லை. முனுசாமி விபூதி பூசிக்கொண்டு வந்திருந்தார். முதல் டிக்கெட்டையே இரண்டாகக் கிழித்துவிட்டார். பிள்ளைகளுக்கு அரை டிக்கெட், அம்மாக்கள் முந்தானை முடிச்சை அவிழ்த்துக் கொடுத்தார்கள். காய்க்கூடைக்கு லக்கேஜ் டிக்கெட் கேட்டு வாங்கினாள் ஒருத்தி. பயணமே போகாத ஒரு பெண்பிள்ளை, "எனக்கும் ஒண்ணு கிழிங்க, பஸ்ஸு நிக்காம ஓடட்டும்" என்று வந்து நின்றது. ஏறாதவர்களுக்கு டிக்கெட் கிடையாது என்று முனுசாமி கண்டிப்பாகச் சொன்னார். அதைக் கேட்டு எல்லோரும் சிரித்தார்கள், அவரும் சிரித்துவிட்டார். தேன்மொழி தன் டிக்கெட்டைக் கணக்குப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டாள்.

விழுப்புரத்தில் பஸ் நின்ற நேரத்துக்குள் காயை வந்த விலைக்குத் தள்ளிவிட்டு, பதினான்கு பேரும் அதே பஸ்ஸில் திண்டிவனம் வந்தார்கள். பஸ் முழுக்கக் கூச்சல். கூட்டேரிப்பட்டில் பஸ் பஞ்சர் ஆகி முக்கால் மணி நேரம் நின்றது. டிரைவரோடு சேர்ந்து நானும் கோட்டைக் கழற்றிவிட்டு ஜாக்கி பிடித்தேன். ஊருக்கு வந்ததிலிருந்து நான் உருப்படியாகச் செய்த முதல் வேலை அதுதான்.

மண்டியில் மூட்டைகளுக்கு நடுவே பெண்கள் கும்பலாக வந்து நின்றதைப் பார்த்து நயினார் பயந்துவிட்டார். முனுசாமி தூணை ஒட்டித் தலை குனிந்து நின்றார். அஞ்சலை கும்பிடு போட்டு, ஒன்று விடாமல் சொன்னாள். சோறு, முறை, காணை வரை கிழிக்காத டிக்கெட், எல்லாம். நயினார் முகம் சிவந்துகொண்டே வந்தது.

"ஆறு வருசமாடா?" என்று முனுசாமியைப் பார்த்துக் கத்தினார்.

"அவங்க உப்பத் துன்னுட்டேங்க நயினாரே."

"என் உப்பையுந்தானேடா துன்ன!"

அஞ்சலைதான் ஒரு அடி முன்னால் வந்தாள். "அவரு தப்பு பண்ணாரு. குடுக்காத நாங்களும் தப்பு பண்ணோம். ஒத்துக்கறோம். ஆனா நயினாரே, கோச்சுக்காம கேளுங்க. இந்த ஆறு வருசத்துல நீங்க ஒருநாளாச்சும் உங்க பஸ்ஸுல ஏறி எங்க ஊருக்கு வந்திருக்கீங்களா? வந்திருந்தீங்கன்னா பதினாலு பொம்பளையும் பதினோரு பொட்டப் புள்ளையும் ஏறி உக்கார்றதக் கண்ணால பாத்திருப்பீங்க. காயிதத்தையே பாத்துக்கினு இருந்தா காயிதம் எங்களச் சொல்லுமா?"

நயினார் உட்கார்ந்துவிட்டார். கொஞ்ச நேரம் கையிலிருந்த மல்லாட்டையை உரித்து உரித்துப் போட்டார். அப்புறம் உள்ளே பார்த்து, "எல்லாருக்கும் மோரு குடுங்க" என்றார். எனக்கு மூச்சு வந்தது. மோர் வரும் இடத்தில் அடி விழாது.

தீர்ப்பு சொன்னார். முனுசாமி ஒரு மாதம் ஷெட்டில் வண்டி கழுவ வேண்டும், அப்புறம் பழையபடி கண்டக்டர். மனு கிடையாது, காலைப் பஸ் நிற்காது. மூன்று மாதம் டிக்கெட் ஒழுங்காக விழுந்தால் மத்தியான டிரிப்பையும் உள்ளே விட்டுப் பார்க்கலாம். ஒருத்தி வாய்விட்டு அழுதாள். முனுசாமி நயினார் காலில் விழப் போனார், அவர் தடுத்துவிட்டார். நான் மோரை ஒரே மூச்சில் குடித்தேன். பேசி ஜெயித்ததாக என் தங்கை ஊரில் என் பெயரைச் சொல்லிக்கொள்ளலாம். உண்மையில் நான் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை.

கிளம்புகிற சமயம் நயினார் கூப்பிட்டார். வியாபாரி இல்லையா, ஒளித்துப் பேசத் தெரியவில்லை. "ஒண்ணு சொல்லிடறேம்மா. இப்ப பர்மிட்டு இருக்கு, நானும் வுடறேன். நாளைக்கே டெல்லிக்காரன் உங்க அண்ணன் ஊரு மாதிரி பர்மிட்டே வாணாம், எவன் வேணா எங்க வேணா வுடலாம்னு சட்டம் போட்டுட்டான்னா, நான் லாபம் எங்கயோ அங்கதான் வுடுவேன். அப்ப வந்து இங்க நின்னீங்கன்னா என்னால ஒண்ணும் பண்ண முடியாது."

பெண்கள் முகம் வாடிப்போனது. அஞ்சலை மட்டும் யோசித்தாள்.

"எவன் வேணா வுடலாமா நயினாரே?"

"ஆமா."

"பொம்பளைங்க?"

"சட்டத்துல ஆம்பள பொம்பளன்னு ஏது? காசு இருந்தா யாரு வேணா வுடலாம்."

"அப்ப நாங்களே ஒரு வண்டி வாங்கிக்கறோம். நாங்க பதினாலு பேரு கீறோம். ஆளுக்குக் கொஞ்சம் போட்டா வராமயா போயிடும்? டிரைவரு வூட்லயே கீறாரு" என்று என்னைக் கைகாட்டினாள்.

பதினான்கு பேரும் கொல்லென்று சிரித்தார்கள். மண்டி ஆட்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், ஆனால் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. இங்கிலாந்தில் என்னை வேண்டாம் என்று சொல்ல ஒருத்தன் கோட்டும் சூட்டும் போட்டுக்கொண்டு காத்திருக்கிறான். இங்கே என் தங்கை வண்டியே வாங்குவதற்கு முன்னால் எனக்கு வேலை போட்டுக் கொடுத்துவிட்டாள்.

நயினார் மட்டும் சிரிக்கவில்லை. அந்தப் பதினான்கு முகங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"எத்தினி சீட்டு வண்டி?" என்று கேட்டார்.